சாம்பார் சிந்தாத வண்டி

கடையில் புதிதாகச் சேர்ந்திருக்கும் உங்கள் இரண்டு பேரில் ஒருவர் போன வாரம் கேட்டீர்களாம்: "லேப்டாப் வச்சு வேலை செய்யற கடையில எதுக்கு சுவத்து ஆணியில இந்த எவர்சில்வர் குண்டான்?" இன்னொருவர் அது மதியச் சாப்பாட்டுக்கு வைத்தது என்று நினைத்து, புளி போட்டுத் துலக்கி வேறு வைத்தீர்களாம். கேள்விப்பட்டுச் சிரித்தேன். கடையை விட்டு வந்த பிறகு எனக்கு இருக்கும் வேலை, வீட்டில் பேரப்பிள்ளைகளோடு மல்லுக்கட்டுவதும், நீங்கள் அனுப்பும் ஸ்கிரீன்ஷாட்டுகளைப் பார்த்துத் திட்டுவதும்தான். இன்று திட்டு இல்லை. அந்தக் குண்டான் எப்படி ஆணிக்கு வந்தது என்று சொல்கிறேன்.

நம் தொழில் என்னவென்று என் மச்சானுக்கு இன்றுவரை புரியவில்லை. கார் ரேடியோ ரிப்பேர் செய்து சம்பாதித்தேன் என்றுதான் சம்பந்தி வீட்டில் சொல்லி வைத்திருக்கிறார். இப்போதைய வண்டிகளில் டிரைவர் ஆக்சிலேட்டரை மிதித்தால் டீசல் நேராகப் போய்விடுவதில்லை, நடுவில் ஈசிஎம் என்று ஒரு பெட்டி உட்கார்ந்து கணக்குப் போட்டுத்தான் கொடுக்கிறது, அந்தக் கணக்கு இருக்கும் ஃபைலை நாங்கள் லேப்டாப்பில் திறந்து மாற்றுகிறோம் என்று எத்தனையோ தடவை விளக்கிவிட்டேன். "அப்ப பாட்டு கேக்காதா?" என்கிறார்.

மச்சானை விடுங்கள். கடைக்கு வருகிறவர்களும் பெரும்பாலும் ஒரே வரம்தான் கேட்பார்கள். "பவர் ஜாஸ்தி பண்ணிக் குடுங்க பாய்." செங்கம் ரோட்டில் அறை வாடகைக்கு விடும் ஒரு பையன், சைலன்சர் பட்டாசு மாதிரி வெடிக்க வேண்டும் என்று காரைக் கொண்டுவந்தான். "தியானம் பண்ண வந்தவங்கள எல்லாம் எழுப்பி ஊருக்கு அனுப்பிட்டா உன் ரூம்ல யாருடா தங்குவா?" என்று கேட்டுத் திருப்பி அனுப்பினேன். இந்த மாதிரி ஆட்களை எளிதாகச் சமாளித்துவிடலாம். பிரியமான ஆள், நியாயமான வேலையோடு வந்து நிற்கும்போதுதான் தொழில் நம்மைச் சோதிக்கும்.

ஏழுமலை அண்ணன் அப்படி வந்து நின்றார்.

அவர் கீழ்பென்னாத்தூர்க்காரர். அவருக்கும் அவர் மனைவி கற்பகம் அண்ணிக்கும் சமையல் தொழில். கல்யாணம், காதுகுத்து, அன்னதானம் என்று ஆர்டர் எடுத்து வீட்டிலேயே சமைத்து, பின் சீட்டுகளைக் கழற்றிவிட்டு அண்டா வைக்க இடம் செய்த ஒரு டீசல் வேனில் கொண்டுபோய் இறக்குவார்கள். சமையல் அண்ணி பொறுப்பு. ஸ்டியரிங் அண்ணன் பொறுப்பு. வண்டி ஓடும்போது அண்ணி பின்னால் இரண்டு அண்டாக்களுக்கு நடுவில் முக்காலி போட்டு உட்கார்ந்து, அண்டாவுக்கொரு கையாக மூடிகளை அழுத்திப் பிடித்துக்கொண்டு வருவார். அண்ணனுக்குக் குரல் பெரியது. அவர் கடைக்கு வந்தால் பக்கத்துப் பஞ்சர் கடைக்காரர் அங்கிருந்தே வணக்கம் சொல்லுவார்.

ஒரு பௌர்ணமிக்கு முந்தின நாள் காலை அது.

"பாய், வண்டிக்குப் பேய் புடிச்சிருக்கு!" என்று கத்திக்கொண்டே உள்ளே வந்தார். "பிரேக்க விட்டா தானா குதிக்குது. நான் ஒண்ணுமே பண்ணல, எகிறிக்கினு போவுது."

நான் அவர் காலைப் பார்த்தேன். ஒரு காலில்தான் செருப்பு இருந்தது.

"இன்னொரு செருப்பு எங்கண்ணா? அதுவும் எகிறிடுச்சா?"

குனிந்து பார்த்தார். வலது கால் வெறுங்காலாக இருந்தது. செருப்பு வெளியே வேன் படியோரம் கிடந்தது. "அட, வார் லூசு" என்று சிரித்தார். நானும் சிரித்தேன். அண்ணி மட்டும் சிரிக்கவில்லை. போய் எடுத்து வந்து அவர் கால் முன்னால் போட்டார். அதை நான் பார்த்தேன், அவ்வளவுதான். அதற்கு மேல் என் புத்தி போகவில்லை.

"முந்தாநேத்து ஒரு சீமந்தத்துக்குப் போனோம் பாய்" என்றார் அண்ணி. "பாதி சாம்பார் என் சேலையிலதான். மீதிய வச்சு எப்படியோ பரிமாறினோம். பந்தியில மானம் போச்சு."

இரண்டு மூன்று மெக்கானிக்குகளிடம் காட்டியிருக்கிறார்கள். ஒருவர் பெடல் சென்சாரை மாற்றியிருக்கிறார். ஒருவர் ஈசிஎம் போய்விட்டது, புதுசு போடு என்றிருக்கிறார். குதிப்பது மட்டும் நிற்கவில்லை. மறுநாள் கிரிவலப் பாதையிலுள்ள அடி அண்ணாமலையில் ஒரு குடும்பத்தாரின் அன்னதானம். மாதாமாதம் இவர்கள்தான் செய்து தருகிறார்கள். அதை விட்டால் வேறு யாராவது பிடித்துக்கொள்வார்கள்.

வெளியூரிலிருந்து வந்திருக்கும் நீங்கள் ஒன்றைத் தெரிந்துகொள்ளுங்கள். பௌர்ணமியன்று கிரிவலப் பாதையில் அனுமதி வாங்கி உள்ளே போகும் சாப்பாட்டு வண்டி, வண்டியாக ஓட முடியாது. நடக்கிறவர்களோடு சேர்ந்து அதுவும் நடக்க வேண்டும். முன்னால் வெறுங்காலோடு ஜனம். தோளில் குழந்தை வைத்திருப்பார்கள். நினைத்த இடத்தில் நின்று மலையைப் பார்த்துக் கும்பிடுவார்கள். அந்தக் கூட்டத்துக்குப் பின்னால் குதிக்கிற வண்டி நின்றால் என்ன ஆகும் என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

லேப்டாப்பைச் செருகிப் பார்த்தேன். பெட்டியில் ஒரு கோளாறும் இல்லை. சுமை ஏற்றிக் கிளம்புவதற்காக, லேசாக மிதித்தாலே நன்றாக இழுக்கும்படி கணக்குப் போட்டிருந்தார்கள். ஊர்ந்து போகிறவருக்கு இது ஜாஸ்தி என்று முடிவு செய்தேன். மிதியின் முதல் பகுதியை மெதுவாக்கினேன். பிரேக்கை விட்டதும் இழுவை சட்டென்று வராமல் படிப்படியாக வரும்படி வைத்தேன். சின்ன வேலைதான், ஆனால் ரசித்துச் செய்தேன்.

"டெஸ்ட் பண்ணலாம்" என்றதும் அண்ணி வேனுக்குள்ளிருந்து ஒரு குண்டானை எடுத்து, நம் குழாயில் விளிம்புவரை தண்ணீர் பிடித்து, பின்னால் வைத்துக்கொண்டு உட்கார்ந்தார். "நீங்க சரியாயிடுச்சுன்னு சொல்லுவீங்க, அவரும் ஆமான்னுவாரு. தண்ணி பொய் சொல்லாது பாய்."

அண்ணன் ஓட்டினார், நான் பக்கத்தில் உட்கார்ந்து லேப்டாப்பில் பதிவு செய்தேன். பஸ் ஸ்டாண்டுப் பக்கம் பௌர்ணமிக் கூட்டம் அப்போதே சேர ஆரம்பித்திருந்தது. நின்று நின்று, ஊர்ந்து ஊர்ந்து போய்த் திரும்பினோம். வண்டி வெண்ணெய் மாதிரி போனது. அண்ணி பின்னாலிருந்து "ஒரு சொட்டு சிந்தல!" என்று கூவினார். அண்ணனுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. கடை வாசலில் நிறுத்திவிட்டு என் தொடையில் ஓங்கி ஒரு அடி அடித்தார்.

"கையக் குடுங்க பாய்! டீ சொல்லுங்க. எனக்கு மட்டும் சக்கரை தூக்கலா."

"சக்கரையே போடாதீங்க!" என்று பின்னாலிருந்து குரல் வந்தது. "டாக்டர் சொன்னது காதுல ஏறல."

நீங்களாக இருந்தால் இந்த இடத்தில் கேபிளைக் கழற்றியிருப்பீர்கள். வண்டி சரியாகிவிட்டது, வாடிக்கையாளர் டீ சொல்லிவிட்டார், வேறென்ன வேண்டும்? நான் கழற்றாமல் பதிவை ஒரு முறை ஓட்டிப் பார்த்தேன். அது பெரிய ஞானம் ஒன்றும் இல்லை. நான் செய்த வேலையை நானே பார்த்து மெச்சிக்கொள்ளும் ஆசைதான்.

திரையில் இரண்டு கோடுகள். ஒன்று ஆக்சிலேட்டர், ஒன்று பிரேக். ஒரே கால்தான் இரண்டையும் மிதிக்கிறது. அதனால் ஒன்று ஏறினால் மற்றது இறங்கியிருக்க வேண்டும். இங்கே இரண்டும் சேர்ந்தே ஏறியிருந்தன. ஒவ்வொரு முறை பிரேக் மிதிக்கும்போதும் பாதத்தின் ஓரம் ஆக்சிலேட்டரையும் மிதித்துக்கொண்டிருந்தது. இரண்டும் சேர்ந்து மிதிபட்டால் ஈசிஎம் டீசலைக் குறைத்துவிடும். பிரேக்கை விட்டதும் திரும்பக் கொடுக்கும். அதுதான் அவர் சொன்ன பேய். ஓரிடத்தில் இன்னும் மோசம். அவர் "நிக்கட்டும், கெழவி போவட்டும்" என்று சொன்ன நேரத்தில் ஆக்சிலேட்டர் மட்டும் ஏறி, பிறகுதான் பிரேக் ஏறியிருந்தது.

கழன்றது தெரியாமல் கிடந்த செருப்பும், டாக்டர் வேண்டாமென்ற சர்க்கரையும் அப்போதுதான் ஒன்றாக ஞாபகத்துக்கு வந்தன. வண்டியில் கோளாறே இல்லை. அவருடைய வலது பாதத்துக்கு உணர்ச்சி போய்க்கொண்டிருந்தது. வண்டி குதித்ததுதான் அவருக்குக் கிடைத்த ஒரே எச்சரிக்கை. நான் உட்கார்ந்து ரசித்து ரசித்து அந்த எச்சரிக்கையை மறைத்துக் கொடுத்திருக்கிறேன். மிதியைத்தான் என்னால் மெதுவாக்க முடியும். கால் தவறி மிதித்தால் பிரேக்கைப் பிடிக்க நம் லேப்டாப்பில் ஒரு ஃபைலும் கிடையாது.

டீ வந்தது, இறங்கி வாங்கிக்கொண்டேன். சாவி அவர் கையில் ஆடிக்கொண்டிருந்தது. என்ன செய்யலாம் என்று யோசித்தேன். பழைய ஃபைலையே போட்டு, "என்னால ஆகல" என்று அனுப்பிவிடலாம். அல்லது பெட்டி செத்துவிட்டது, வண்டி நகராது என்று ஒரு பொய் சொல்லலாம். பொய்தான் எனக்கு ரொம்பப் பிடித்திருந்தது. அவர் மனம் நோகாது, நாளைக்கு வண்டியும் எடுக்க மாட்டார். ஆனால் நாளை மறுநாள் வேறு கடைக்குப் போவார். அங்கே என்னைப் போல ஒருவன் உட்கார்ந்து இதே மாதிரி வெண்ணெயாக்கிக் கொடுப்பான்.

டீ கிளாஸை வைத்துவிட்டு மறுபடி அவர் பக்கத்தில் ஏறி உட்கார்ந்து கதவைச் சாத்தினேன். என்ஜினைப் போடாமல் சாவியை மட்டும் திருப்பச் சொன்னேன். திரையைக் காட்டினேன்.

"உங்க மெசின் தப்பா காட்டுது பாய்" என்றார்.

"இருக்கலாம்ணா. ஒரு தடவை கண்ண மூடிக்குங்க. கால எடுத்து பிரேக்ல வைங்க. வச்சதும் சொல்லுங்க."

"இன்னா பாய், சின்னப் புள்ள வெளையாட்டு" என்று சொல்லிக்கொண்டே கண்ணை மூடினார். கால் நகர்ந்தது. "வச்சிட்டேன். பிரேக்."

திரையில் ஆக்சிலேட்டர் கோடு ஏறி நின்றது. அவர் கண்ணைத் திறந்தார். திரையைப் பார்க்கவில்லை, என் முகத்தைத்தான் பார்த்தார். அப்புறம் மெதுவாகக் குனிந்து தன் காலைப் பார்த்தார்.

அவ்வளவு பெரிய குரல் எங்கே போனது என்று தெரியவில்லை. "கால் இருக்குது பாய். எங்க இருக்குதுன்னுதான் தெரிய மாட்டேங்குது. கொஞ்ச நாளா இப்படித்தான்."

"அண்ணிகிட்ட சொன்னீங்களா?"

"சொன்னா வண்டிய வித்துடுவா. வண்டி போயிட்டா நான் இன்னா பண்ணுவேன்? எனக்கு வெங்காயம்கூட ஒழுங்கா நறுக்க வராது. அவ சமைப்பா, நான் ஓட்டுவேன். அதுக்குத்தான பாய் நான் இருக்கேன்."

எனக்கு அழுகை வந்துவிட்டது. மறைக்கவும் இல்லை. இந்தத் தொழிலில் எத்தனையோ வண்டிகளுக்கு உயிர் கொடுத்ததாகப் பெருமை பேசியிருக்கிறேன். அந்த மனிதர் முகத்தைப் பார்க்க முடியாமல் ஸ்டியரிங்கைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

"வண்டிய யாரு விக்கப் போறா?" என்று பின்னாலிருந்து கேட்டது.

இரண்டு பேரும் திடுக்கிட்டுத் திரும்பினோம். அண்ணி இறங்கவே இல்லை. அண்டாவுக்குப் பக்கத்தில் குண்டானை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். கதவைச் சாத்தி ரகசியம் பேசிய நான் அதைப் பார்க்கவில்லை.

"செருப்பு கழண்டதுகூடத் தெரியாம நடக்கறீங்களே, எனக்குத் தெரியாதா? நீங்களா சொல்லுவீங்கன்னு பாத்துகினு இருந்தேன். வண்டி குதிக்கறதும் அதனாலதான்னு எனக்குத் தோணல, அதான் தப்பு." அண்ணியின் குரலும் உடைந்துதான் இருந்தது. "கால் மரத்துப் போனா சொல்ல மாட்டீங்களா? நான் இன்னா மூணாவது மனுசியா?"

அண்ணன் திரும்பி உட்கார்ந்துகொண்டார். பிறகு சாவியை எடுத்து என் கையில் வைத்தார். "நாளைக்கு சோறு போயாகணும் பாய்" என்றார்.

அதனால் மறுநாள் நான் ஓட்டினேன். கிரிவலப் பாதையில் இந்த பாய் சாம்பார் வண்டி ஓட்டிய கதை அப்போது கடைத்தெருவில் பிரசித்தம். அண்ணன் பக்கத்தில் உட்கார்ந்து என் உயிரை எடுத்தார். "ஹாரன் அடிக்காதீங்க. அவங்க மலையப் பாத்துகினு நடக்கறாங்க. நாமதான் அவங்களப் பாக்கணும்." "அந்தம்மா கற்பூரம் ஏத்த நிக்கப் போவுது, இப்பவே கிளச்ச மிதிங்க." நான் செய்த அருமையான ஃபைல், உணர்ச்சியுள்ள என் கால், எல்லாம் இருந்தும் ஓரிடத்தில் நான் பிரேக்கைக் குத்த, பின்னால் அண்ணி "ஐயோ!" என்றார். அன்றைக்கும் சேலையில் சாம்பார். அண்ணன் முகத்தில் முந்தின நாளுக்குப் பிறகு முதன்முதலாகச் சிரிப்பு வந்தது அப்போதுதான்.

அடி அண்ணாமலையில் இறங்கும்போது வழக்கம்போலச் செருப்பைக் கழற்றப் போனார். அண்ணி தடுத்தார். "ரோடு கொதிக்குது. சுட்டாலும் உங்களுக்குத் தெரியாது. போட்டுக்கினே வாங்க, சாமி கோச்சுக்காது." செருப்புக் காலோடு நின்று முதல் கரண்டி சாம்பாரை அவர்தான் ஊற்றினார்.

அடுத்த வாரம் ஆஸ்பத்திரிக்குப் போனார்கள். அவருக்கே தெரியாமல் பாதத்தின் அடியில் ஒரு புண் இருந்ததாம். இன்னும் கொஞ்ச நாள் விட்டிருந்தால் விரலை எடுத்திருக்க வேண்டும் என்று டாக்டர் சொன்னதாக அண்ணி போனில் சொன்னார். சொல்லிவிட்டு, "அந்த மெதுவான கணக்க மாத்திடாதீங்க பாய். நான் டிரைவிங் கத்துக்கப் போறேன்" என்றார்.

நான் நம்பவில்லை. பிள்ளை பெற்ற மகள்கள் இருக்கிற பெண்மணி. ஆனால் கீழ்பென்னாத்தூர் ஏரிப்பக்கம் அந்த வேன் தினமும் விடியற்காலையில் ஊர்வதை ஆட்கள் வந்து சொன்னார்கள். உணர்ச்சி போன காலுக்காக நான் எழுதிய ஃபைல், புதிதாகக் கற்கிற காலுக்கு அளவெடுத்துத் தைத்த மாதிரிப் பொருந்திவிட்டது. லைசென்ஸ் வாங்குகிற வரைக்கும் பௌர்ணமிக்குப் பௌர்ணமி ஒரு வாடகை டிரைவர் ஓட்டினார். அவர் கிடைக்காத மாதங்களில் நான். அந்த மாதங்களில் அண்ணி பழைய சேலையாகப் பார்த்துக் கட்டிக்கொண்டு வருவார்.

அப்புறம் ஒரு நாள் வேன் நம் கடை வாசலில் வந்து நின்றது. டிரைவர் சீட்டில் கற்பகம் அண்ணி. பின்கதவைத் திறந்துகொண்டு அண்டாக்களுக்கு நடுவிலிருந்து ஏழுமலை அண்ணன் இறங்கினார். கையில் அந்தக் குண்டான். "இது உங்க கடையிலயே இருக்கட்டும் பாய். எங்களுக்கு வேற வாங்கிட்டோம்" என்று கொடுத்துவிட்டு, என் தோளில் கைபோட்டு ஓரமாகத் தள்ளிக்கொண்டு போனார்.

"பாய், ஒரு உதவி. அவ மாட்டு வண்டியாட்டம் ஓட்டுறா. பின்னாடி உக்காந்து எனக்குத் தூக்கம் தூக்கமா வருது. கொஞ்சூண்டு பவர் ஏத்திக் குடுங்க. அவளுக்குச் சொல்லாதீங்க."

அவர் ரகசியம் பேசினால் பஞ்சர் கடைவரை கேட்கும் என்று முன்பே சொன்னேன்.

"மூடியக் கெட்டியாப் புடிச்சிகினு வந்தா தூக்கம் வராது!" என்றது டிரைவர் சீட். "சிந்துச்சுன்னா நீங்கதான் தொடைக்கணும்."

முணுமுணுத்துக்கொண்டே போய் ஏறினார். வேன் கிளம்பியது. கொஞ்ச தூரம்கூடப் போயிருக்காது, நின்றது. அண்ணி இறங்கித் திரும்பி வந்தார். அப்போதுதான் நான் கீழே பார்த்தேன். நம் வாசலில் அண்ணனின் வலது கால் செருப்பு கிடந்தது. பக்கத்தில் நின்று வழியனுப்பிய நான் அதைப் பார்க்கவில்லை. உள்ளே ஏறி உட்கார்ந்த அவருக்கும் தெரியவில்லை. அண்ணி கண்ணாடியில் பார்த்திருக்கிறார்.

செருப்பை எடுத்துக்கொண்டு பின்பக்கம் போனார். "காலக் குடுங்க" என்றார். அவர் நீட்டினார். மாட்டிவிட்டு, வாரை இறுக்கிவிட்டு, முன்னால் வந்து ஏறிக்கொண்டார். வண்டி கிளம்பியபோது பின்கண்ணாடி வழியாக அண்ணன் தெரிந்தார். இரண்டு கையையும் அண்டா மூடிகளின் மேல் வைத்திருந்தார். அழுத்திப் பிடிக்கவே இல்லை.